ஓர் அசலும் ஏழு நகல்களும்

ஒரு மனுவை எங்கே கொடுப்பது என்று தெரியாதவரால் யாருக்கும் பெரிய கெடுதல் வந்துவிடாது. எங்கெல்லாம் கொடுக்கலாம் என்று தெரிந்து வைத்திருப்பவரிடம்தான் ஜாக்கிரதையாக இருக்க வேண்டும். நான் அந்த இரண்டாவது ரகம்.

சர்வீஸ் முழுவதும் ஓர் அரசு அலுவலகத்தில் கோப்புகளோடு குடும்பம் நடத்திவிட்டு, கண்காணிப்பாளராக ஓய்வு பெற்றேன். (என் மனைவி வசந்தா இதைப் படித்தால், "என்னோட எப்ப நடத்துனீங்க?" என்பாள். சொல்லட்டும்.) ஓய்வு பெற்ற முதல் வருடம் எனக்குப் பொழுதே போகவில்லை. கேஸ் சிலிண்டர் ஒரு நாள் தாமதமாக வந்ததற்கு, பொருள், பார்வை எல்லாம் போட்டு ஏஜென்சிக்கு ஒரு கடிதம் எழுதினேன். அதற்குப் பிறகு சிலிண்டர் கொண்டுவருபவர் வாசலில் அதை இறக்கிவிட்டு, மணியை அடித்துவிட்டு, நான் கதவைத் திறப்பதற்குள் தெருமுனையைத் தாண்டிவிடுவார். நிர்வாகம் சீரடைந்துவிட்டது என்று நான் நினைத்துக்கொண்டேன்.

அந்த நேரத்தில்தான் நித்யாவின் விவகாரம் என் கையில் சிக்கியது. (அதாவது, நித்யா சிக்கினாள்.)

நித்யா, வசந்தாவின் தம்பி கலியபெருமாளின் மகள். கலியபெருமாளுக்கு எங்கள் ஊர் விருத்தாசலத்திலேயே சின்னதாக ஒரு பீங்கான் பட்டறை. மின்சாரப் பெட்டிக்குள் இருக்கிற பியூஸ் கேரியர்தான் அவனுடைய பிழைப்பு. சூளையில் இடம் மிச்சமிருந்தால் கப்பு, ஊறுகாய் ஜாடி, கொலு பொம்மை என்று ஏதாவது வைப்பான். மகள் வேதியியல் படித்தாள். வகுப்பில் முதல் வரிசைப் பெண். கடைசி செமஸ்டரில் எல்லாப் பாடத்திலும் நல்ல மார்க் எடுத்து, ஒரே ஒரு தாளில் மட்டும் ஃபெயில் என்று வந்தது. விடைத்தாளின் நகலை வாங்கிப் பார்த்தால் நடுவில் நான்கு பக்கங்களில் சிவப்பு மையே படவில்லை. திருத்தியவர் சேர்த்துப் புரட்டியிருக்க வேண்டும். மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பித்தாள். அன்று முதல் பல்கலைக்கழகம் மௌன விரதம் இருக்க ஆரம்பித்தது.

சென்னையில் ஓர் அரசுக் கல்லூரியில் அவளுக்கு எம்.எஸ்ஸி. இடம் கிடைத்திருந்தது. அடுத்த மாதக் கடைசிக்குள் தேர்ச்சி பெற்றதைக் காட்ட வேண்டும். காட்டாவிட்டால் இடம் பட்டியலில் அடுத்தவருக்குப் போய்விடும்.

ஒரு சாயங்காலம் கலியபெருமாள் மகளோடு எங்கள் வீட்டுக்கு வந்தான். முழங்கை வரை வெள்ளைக் களிமண் காய்ந்திருந்தது.

"புள்ள சரியா சாப்புடவே மாட்டேங்குது மாமா. எந்நேரமும் போனையே பாத்துக்கினு இருக்குது. வெப்சைட்டுல வரும் வரும்னு சொல்றாங்க. எப்ப வரும்னு கேட்டா போனை வச்சிடறாங்க."

நான் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தேன். சர்வீஸில் இருந்தபோது நான் இப்படித் துடைத்தால், எதிரில் இருப்பவர் மதியச் சாப்பாட்டை மறந்துவிட வேண்டியதுதான்.

"சட்டம் என்ன சொல்லுதுன்னு தெரியுமா உனக்கு?" என்றேன்.

சமையலறையிலிருந்து வசந்தாவின் குரல் வந்தது. "கலியா, ஓடிடு."

அவன் ஓடவில்லை. பாவம், உட்கார்ந்து கேட்டான். மறுமதிப்பீடு என்பது தானாக வருகிற உரிமை அல்ல, ஆனால் பல்கலைக்கழக விதியிலேயே அதற்கு இடம் இருக்கும்போது அதை நியாயமான காலத்துக்குள் முடித்துத் தருவது அவர்கள் கடமை என்றேன். நுகர்வோர் நீதிமன்றத்துக்கு மட்டும் போய்விடாதே, தேர்வு நடத்துவது நுகர்வோர் சட்டப்படி ஒரு சேவை ஆகாது, வாசலிலேயே திருப்பி அனுப்பிவிடுவார்கள் என்றேன். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் திருத்திய விடைத்தாளையே கேட்டு வாங்கலாம். கடைசியில் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டு, 'உன் கடமையைச் செய்' என்று உத்தரவு வாங்கலாம். ஆனால் நீதிமன்றம் முதலில் கேட்பது, 'அதிகாரியிடம் மனு கொடுத்தாயா?' என்பதைத்தான். ஆகவே எல்லாம் மனுவில் தொடங்குகிறது.

சொன்னதெல்லாம் சரிதான். இன்றைக்கும் அதில் ஒரு வார்த்தையை மாற்ற மாட்டேன். அங்கேயே வாயை மூடியிருந்தால் இந்தக் கட்டுரைக்கு வேலை இருந்திருக்காது.

நித்யா தயங்கித் தயங்கிக் கேட்டாள். "மாமா, சீட்டு போயிடும், சீக்கிரம் ரிசல்ட் குடுங்கன்னு ஒரே ஒரு பக்கம் எழுதி, தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலருக்கு மெயில் பண்ணிடலாமா?"

நான் சிரித்தேன். அந்தச் சிரிப்பு அந்தக் குடும்பத்தில் இன்னும் நடித்துக் காட்டப்படுகிறது. கலியபெருமாள் நன்றாகச் செய்வான்.

"ஒரு பக்கமா? ஒரு பக்கத்துக்கு எவன்மா பயப்படுவான்?"

இரண்டு நாள் உட்கார்ந்து பதினோரு பக்கம் எழுதினேன். அரசியலமைப்புச் சட்டத்தில் சமத்துவம் பற்றிய பிரிவில் தொடங்கி, மாணவர் நலன், பெண் கல்வி, நிர்வாக மெத்தனம் வழியாக, 'இந்தத் தாமதத்தின் பின்னணியில் உள்நோக்கம் ஏதும் இருக்குமோ என்ற ஐயம் இயல்பாகவே எழுகிறது' என்ற வாக்கியத்தில் உச்சத்தைத் தொட்டேன். அந்த வாக்கியத்தை மட்டும் வசந்தாவிடம் இரண்டு முறை படித்துக் காட்டினேன். அவள் முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள்.

"இதுல ரிசல்ட்டு வேணும்னு எங்க கேட்டிருக்கீங்க?"

"பதினோராம் பக்கத்துல. கோரிக்கை 'ஈ'."

"அது வரைக்கும் யாரு படிப்பாங்க?"

படிப்பறிவு உள்ளவர்கள் படிப்பார்கள் என்றேன். அவள் கீரைக்காம்பை என் பக்கமாகத் தள்ளினாள்.

அடுத்ததுதான் முக்கியமான விஷயம். அரசு அலுவலகத்தில் ஒரு ஊழியர் மேலதிகாரிக்கு நேராக எழுதக் கூடாது. தன் நேரடி அதிகாரி மூலம், 'முறையான வழியில்' அனுப்ப வேண்டும். மாணவி யாருக்கும் கீழ்ப்பணியாளர் அல்ல, அவளுக்கு இந்த விதி பொருந்தாது என்பது எனக்குத் தெரியும். ஆனால் கை கேட்கவில்லை. முறையான வழி இல்லாமல் ஒரு மனுவை எழுதினால், சட்டை போடாமல் வீதியில் நிற்பது போல இருந்தது. 'வழி: கல்லூரி முதல்வர்' என்று போட்டேன். முதல்வர் கையெழுத்து வாங்கவே ஒரு வாரம் போயிற்று.

அதோடு விட்டேனா? அசல், தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலருக்கு. நகல், துணைவேந்தருக்கு, பதிவாளருக்கு, உயர்கல்வித் துறைக்கு, இன்னும் மேலே மேலே, மொத்தம் ஏழு பேருக்கு. எல்லாம் ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபால். தபால் நிலையத்தில் இருந்த அம்மா, "கல்யாணப் பத்திரிகையா சார்?" என்று கேட்டார். அன்றே தகவல் சட்டத்திலும் ஒரு மனு தட்டிவிட்டேன். மறுமதிப்பீடு செய்த விடைத்தாள் வேண்டும், மதிப்பிட்டவர் பெயர் வேண்டும். (பெயரைத் தர மாட்டார்கள் என்று தெரியும். ஆனாலும் கேட்டு வைத்தால் ஒரு கலக்கம் இருக்கும் அல்லவா?)

கலக்கம் இருந்தது. எங்கள் வீட்டில்.

இரண்டு வாரத்தில் மறுமதிப்பீட்டு முடிவுகள் வெளியாயின. நித்யாவோடு விண்ணப்பித்த அத்தனை பேருக்கும் வந்துவிட்டது. அவளுக்கு எதிரே மட்டும், 'நிறுத்தி வைக்கப்பட்டுள்ளது.'

"பழிவாங்கல்!" என்று எழுந்தேன். உண்மையைச் சொன்னால், கொஞ்சம் மகிழ்ச்சியாகக் கூட இருந்தது. எனக்கு வயது பத்துக் குறைந்தது போல இருந்தது. மறுநாள் காலையில் நித்யாவை அழைத்துக்கொண்டு பல்கலைக்கழகத்துக்கு பஸ் ஏறினேன். வழி நெடுக அவளுக்கு ரிட் மனுவின் வகைகளை விளக்கினேன். அவள் இரண்டு காதிலும் ஹெட்போன் வைத்திருந்தாள் என்பதை இறங்கும்போதுதான் கவனித்தேன்.

தேர்வுப் பிரிவில் ஒரு பெண் அலுவலர் இருந்தார். நல்ல மாதிரியாகத்தான் பேசினார். பெயரைக் கேட்டதும் அலமாரியைத் திறக்கவில்லை. மேஜை மேலேயே இருந்த, தலையணை தடிமனுக்கு ஒரு கோப்பைத் தொட்டுக் காட்டினார். நான் எட்டுத் திக்குக்கும் அனுப்பி வைத்த என் பிள்ளைகள் எட்டும் அங்கே ஒரே கயிற்றில் கட்டுண்டு கிடந்தன. ஒவ்வொன்றின் தலையிலும், 'உரிய நடவடிக்கைக்கு' என்று ஒரு முத்திரை.

"இத எழுதினது நீங்களா சார்?"

"ஆமாம்," என்றேன் நிமிர்ந்து உட்கார்ந்து.

"அதனாலதான் சார் நிக்குது."

நான் இன்னும் நிமிர்ந்தேதான் இருந்தேன். விஷயம் உள்ளே போகவில்லை.

"இவங்களுக்கு மார்க்கெல்லாம் போட்டு முடிச்சாச்சு சார். மத்தவங்களோட சேத்து வந்திருக்க வேண்டியது. ஆனா இதுல 'உள்நோக்கம்'னு எழுதியிருக்கீங்க. அப்படி ஒரு புகார் இருந்தா, விசாரிக்காம ரிசல்ட் வெளியிட முடியாது. விசாரணைக் குழு போடச் சொல்லி கோப்பு போயிருக்குது. நகல் போன ஏழு எடத்துலேர்ந்தும் அறிக்கை கேட்டிருக்காங்க, அதுக்கும் பதில் போகணும். விடைத்தாளும் இப்ப எங்க கிட்ட இல்ல. நீங்க தகவல் சட்டத்துல கேட்டிருந்தீங்கல்ல, அந்தப் பிரிவுக்குப் போயிட்டுது."

நான் மனதுக்குள் ஒவ்வொன்றாகச் சரிபார்த்தேன். புகார் நிலுவை, நிறுத்தி வைப்பு. அறிக்கை கோரல், பதில் நிலுவை. ஆவணம் வேறு பிரிவில். ஒரு பிசகு இல்லை. என்னையும் அறியாமல் வாயைத் திறந்தேன்.

"கரெக்டாதான் செஞ்சிருக்கீங்க மேடம். நானா இருந்தாலும் நிறுத்தித்தான் வச்சிருப்பேன்."

நித்யா மெதுவாகத் திரும்பினாள். "மாமா, நீங்க யாரு பக்கம்?"

சுதாரித்துக்கொண்டு, மனுவை இப்போதே வாபஸ் வாங்கிக்கொள்கிறோம் என்றேன். அலுவலர் வருத்தத்தோடு தலையசைத்தார்.

"முறையான வழியில வந்த மனு சார். வாபஸும் பிரின்சிபால் மூலமாத்தான் வரணும். நகல் போன ஏழு பேருக்கும் வாபஸ் நகல் போகணும்."

அவர் சொன்னதிலும் தவறு இல்லை.

திரும்பும் பஸ்ஸில் நித்யா ஜன்னல் பக்கம் பார்த்தபடியே வந்தாள். ஹெட்போன் இல்லை. ஊர் நெருங்கியபோது ஒரே ஒரு வாக்கியம்தான் சொன்னாள்.

"மெயில் பண்ணலாமான்னு நான் கேட்டேன்ல மாமா."

மறுநாள் பட்டறைக்குப் போனேன். கலியபெருமாள் திட்டுவான் என்று எதிர்பார்த்துத் தயாராகத்தான் போயிருந்தேன். அவன் ஸ்டூலை இழுத்துப் போட்டு, டீ வாங்கி வரச் சொன்னான்.

"விடுங்க மாமா. நீங்க என்னா வேணும்னா செஞ்சீங்க? அடுத்த வருஷம் பாத்துக்கலாம். அது வரைக்கும் இங்க வந்து எனக்கு ஒத்தாசையா இருக்கட்டும்."

அந்தப் பக்கம் நித்யா உட்கார்ந்து, சூளைக்குப் போக வேண்டிய பியூஸ் கேரியர்களின் ஓரத்தை ஈரத்துணியால் துடைத்துத் துடைத்துப் பலகையில் அடுக்கிக்கொண்டிருந்தாள். அவள் என்னைப் பார்க்கவில்லை. என் சர்வீஸில் எத்தனையோ மெமோ வாங்கியிருக்கிறேன். எதுவும் அந்தப் பலகை அளவுக்கு என்னை உறுத்தியதில்லை.

கொஞ்ச நேரம் கழித்து அவளே துணியைக் கீழே வைத்தாள்.

"அப்பா, நான் நாளைக்குக் கோர்ட்டுக்குப் போறேன். காலேஜுல ஒரு தடவை வந்து பேசினாங்க, சட்ட உதவி மையம்னு. காசு கிடையாது. பொம்பளைங்களுக்கு வருமானக் கணக்கும் கேக்க மாட்டாங்களாம்."

எனக்கும் அது தெரியும். வட்டச் சட்டப் பணிகள் குழு, நம் ஊர் நீதிமன்ற வளாகத்திலேயே இருக்கிறது. பெண்கள் யாராக இருந்தாலும் இலவச சட்ட உதவி பெறலாம். ஆனால் எல்லாம் தெரிந்த நான் வீட்டில் இருக்கும்போது எதற்கு அது என்று இருந்துவிட்டேன்.

வசந்தா துணைக்குக் கிளம்பினாள். நானும் சட்டையை மாட்டினேன்.

"நீங்க எங்க? வூட்லயே இருங்க."

"ஆட்டோல எடம் இருக்குது இல்ல?"

"வரலாம். வாயத் தொறக்கக் கூடாது."

அந்த நிபந்தனையின் பேரில் அழைத்துச் செல்லப்பட்டு, வெளியே வராந்தா பெஞ்சில் உட்கார வைக்கப்பட்டேன். உள்ளே ஒரு வக்கீலம்மா. நித்யாவைவிடப் பத்து வயது கூட இருக்கலாம். கதவு திறந்திருந்ததால் எல்லாம் காதில் விழுந்தது. என் பதினோரு பக்கத்தையும் புரட்டுகிற சத்தம் கேட்டது. பிறகு ஒரு பெருமூச்சு.

"யாரும்மா இத எழுதினது?"

"எங்களுக்கு வேண்டாதவங்க யாரோ," என்றாள் வசந்தா.

வாயைத் திறக்கக் கூடாது என்ற நிபந்தனையை நினைவுபடுத்திக்கொண்டு பெஞ்சின் விளிம்பைப் பிடித்துக்கொண்டேன்.

வக்கீலம்மா வேகமாகத் தட்டச்சு செய்தபடியே பேசினார். "தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலர்கிட்ட நாம ஒண்ணே ஒண்ணுதான் கேக்கப் போறோம். இந்தத் தேதிக்குள்ள ரிசல்ட்டு வேணும், இல்லன்னா சீட்டு போயிடும். உள்நோக்கம்னு நாங்க குற்றம் சொல்லல, அந்த வரிய விட்டுடறோம். மத்தத நீங்க விசாரிச்சிக்குங்க, ஆனா போட்டு முடிச்ச மார்க்கை அதுக்காக நிறுத்தி வைக்க அவசியம் இல்ல. அவ்வளவுதான். இது போய் ஒரு வாரத்துல வரலன்னா ஹைகோர்ட்டு. அங்கயும் இலவச சட்ட உதவி இருக்குது, நானே அனுப்பி வைக்கிறேன். ரிசல்ட்டு வர்ற வரைக்கும் தற்காலிகமா சேத்துக்கச் சொல்லி இடைக்கால உத்தரவும் கேக்கலாம். சென்னை காலேஜுக்கும் இன்னைக்கே ஒரு மெயில் போடும்மா, கொஞ்சம் அவகாசம் கேட்டு."

ஒரே பக்கம். நித்யா முதல் நாள் கேட்ட அதே ஒரு பக்கம்.

பிறகு வக்கீலம்மா ஏதோ புரட்டிவிட்டு, "பரவால்லியே, ஒப்புகை அட்டையெல்லாம் வரிசையா ஒட்டி வச்சிருக்கீங்களே! கோர்ட்டுக்குப் போனா, மனு குடுத்தோம்னு காட்ட இதுதான் ஆதாரம். யாரு இவ்ளோ பொறுப்பா வச்சது?" என்றார்.

என்னால் முடியவில்லை. பெஞ்சிலிருந்து குதித்து வாசலில் போய் நின்றேன்.

"நான்தாங்க வச்சேன்!"

வக்கீலம்மா என்னையும் பார்த்தார், அந்தப் பதினோரு பக்கத்தையும் பார்த்தார். வசந்தா தலையில் கை வைத்துக்கொண்டாள். நித்யா, பல நாளுக்குப் பிறகு, வாய்விட்டுச் சிரித்தாள். எழுத்தர் ஒருவர் பக்கத்து அறையிலிருந்து எட்டிப் பார்க்கிற அளவுக்குச் சிரித்தாள். அவமானம்தான். ஆனால் அந்தச் சிரிப்பைக் கேட்டதும், எனக்கு அது கொஞ்சம் மலிவாகக் கிடைத்த அவமானம் என்றே பட்டது.

ஹைகோர்ட் வரை போகவில்லை. அந்த ஒரு பக்கம் யார் மேஜைக்குப் போய் என்ன செய்ததோ, கெடுவுக்கு மூன்று நாள் முன்பு முடிவு வந்துவிட்டது. நல்ல மார்க்கோடு தேர்ச்சி. கலியபெருமாள் அன்று சூளையை மூட்டாமல் பட்டறைக்கு லீவு விட்டான். அந்த வாரமே மகளோடு சென்னைக்கு ரயில் ஏறினான். ஜங்ஷனில் வழியனுப்பப் போன நான், போய்ச் சேர்ந்ததும் சான்றிதழ்களை எந்த வரிசையில் அடுக்கித் தர வேண்டும் என்று ஜன்னல் வழியாகச் சொல்ல ஆரம்பித்தேன். நல்லவேளையாக ரயில் நகர்ந்துவிட்டது.

என் ஏழு நகல்களுக்கும் பதில் வராமல் இல்லை. அவள் முதல் செமஸ்டர் எழுதி முடித்த பிறகு ஒவ்வொன்றாக வந்தன. எல்லாவற்றிலும் ஒரே வாசகம். 'தங்கள் மனு உரிய நடவடிக்கைக்காகத் தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலருக்கு அனுப்பப்பட்டுள்ளது.' ஒன்றில் மட்டும், தங்கள் குறை இன்னும் நீடிக்கிறதா என்பதை முறையான வழியில் தெரிவிக்குமாறு கேட்டிருந்தார்கள். பதில் எழுதப் பேனாவைத் தேடினேன். வசந்தா அதை அரிசி டிரம்முக்குள் போட்டிருந்தாள்.

அந்தப் பொங்கலுக்குக் கலியபெருமாள் ஓர் அட்டைப்பெட்டி கொண்டுவந்தான். வைக்கோலுக்குள் எட்டு பீங்கான் கப்புகள். வெள்ளை மெருகு, நல்ல கனம். ஒவ்வொன்றிலும் பழுப்பு நிறத்தில் நித்யா கைப்பட எழுதிச் சுட்டிருந்தாள். ஒன்றில் 'அசல்'. மற்ற ஏழில் 'நகல் 1' முதல் 'நகல் 7' வரை. எங்கள் வீட்டுக்கு யார் வந்தாலும் அதில்தான் காபி. சம்பந்தி வீட்டார் வந்தால் முதல் இரண்டு நகல்கள். எனக்கு நிரந்தரமாக நகல் 7. கைப்பிடியில் ஒரு சின்ன விரிசலோடு வெந்து வந்த கப்பு அது. 'அசல்' மட்டும் அலமாரியில் இருக்கும். நித்யா லீவில் வந்தால் அவளுக்கு.

போன மாதம் எம்.எஸ்ஸி. முடித்துவிட்டு வந்திருந்தாள். இந்த முறை முடிவு சொன்ன நாளில் சொன்னபடி வந்ததாம். அவளே காபி போட்டுக் கொண்டுவந்தாள். கை நீட்டி வாங்கினால், கப்பில் 'அசல்' என்று இருந்தது. எனக்குக் கண் கொஞ்சம் மங்கியது. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தேன்.

"சரிபாத்துட்டு உடனே திருப்பிக் குடுத்துடணும் மாமா," என்றாள் நித்யா. "அசலை யாரும் வச்சிக்கக் கூடாது. அதானே முறை?"

சூடு பார்க்காமல் ஒரே மூச்சில் குடித்து, கழுவி, துடைத்து, அவள் கையில் கொடுத்தேன். கொடுத்ததற்கு ஓர் ஒப்புகை கேட்கலாம் என்று வாயைத் திறந்தேன். வசந்தா சமையலறை வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். மூடிக்கொண்டேன்.